மூன்று குழி மரியாதை

டிவியில் நான் ஆடும் விளையாட்டில், என் வேட்டைக்காரியின் கவசத்தில் மொத்தம் பதினோரு குழிகள் இருந்தன. ஒவ்வொரு குழியிலும் ஒரு கல் பதிக்கலாம். ஒவ்வொரு கல்லுக்கும் ஒரு திறமை உண்டு. எந்தக் கல்லை எங்கே வைத்தால் என்ன ஆகும் என்று யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை. நானே உட்கார்ந்து, யோசித்து, மாற்றி மாற்றி வைத்துப் பார்த்துக் கண்டுபிடித்தேன். பெருமையடித்துக்கொள்கிறாள் என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள். பெருமைக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

எனக்கு ஐம்பத்திரண்டு வயது. கோயம்புத்தூரில் மோட்டார் பம்ப் விற்கும் கடையொன்றில் இருபத்தொரு வருடமாகக் கவுன்ட்டரில் நிற்கிறேன். அன்னூரிலிருந்தும் காரமடையிலிருந்தும் தோட்டக்காரர்கள் வருவார்கள். வந்தவுடன் முதல் பேச்சு, "ஏனுங்க அம்மணி, இருக்கறதுலயே பெருசா ஒரு மோட்டார் குடுங்க" என்பதுதான். பக்கத்துத் தோட்டத்தில் ஏழரை எச்பி ஓடினால் இவருக்குப் பத்து வேண்டும். நான் உடனே எடுத்துக் கொடுத்ததில்லை. போர்வெல் எத்தனை அடி, தண்ணீர் எத்தனை அடியில் நிற்கிறது, பைப் என்ன சைஸ், கரண்ட் எப்படி வருகிறது என்று கேட்பேன். தண்ணீர் கொஞ்சமாக ஊறுகிற போரில் பெரிய மோட்டாரை இறக்கினால், இருப்பதைப் பத்தே நிமிடத்தில் உறிஞ்சிவிட்டு வெறுமனே ஓடி, உள்ளே சுற்றியிருக்கும் காயில் கம்பி கருகிப்போகும். நான் கொடுத்த மோட்டார் சைஸ் தப்பென்று திரும்பி வந்ததில்லை. இதையும் பெருமைக்காகத்தான் சொல்கிறேன்.

அப்படிப்பட்ட நான் டிவி முன்னால் உட்கார்ந்து பூதம் போன்ற மிருகங்களை வேட்டையாட ஆரம்பித்தது என் மகளால். அவளுக்குக் கல்யாணமாகி பெங்களூருக்குப் போனபோது, அவளுடைய பழைய கேம் பெட்டி இங்கேயே தங்கிவிட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை போனில், "தினமும் சாப்டாச்சா சாப்டாச்சான்னு எத்தன நாளைக்கும்மா கேட்டுட்டு இருப்ப? அந்தப் பெட்டியப் போடு. நம்ம வேட்டைக்குப் போலாம்" என்றாள். கன்ட்ரோலரை எப்படிப் பிடிப்பது என்பதிலிருந்து சொல்லிக்கொடுத்து, ஒரு மாதம் என்னை விடாமல் துரத்தினாள். முதல் மிருகம், கோழி மாதிரி ஒன்று, என்னைப் பதினேழு முறை கொன்றது. பதினெட்டாவது முறை நான் அதைக் கொன்றேன். அன்றிலிருந்து பிடித்துக்கொண்டது.

விளையாட்டு எளிமையானதுதான். நான்கு பேர் சேர்ந்து ஒரு மிருகத்தைத் தேடிப் போய் வீழ்த்த வேண்டும். வீழ்த்தினால் அதன் தோல், கொம்பு, செதில் எல்லாம் கிடைக்கும். அவற்றைக் கொண்டு புதிய கவசமும் ஆயுதமும் செய்துகொள்ளலாம். கவசக் குழிகளில் கற்களைப் பதித்துத் திறமைகளைக் கூட்டிக்கொள்ளலாம். இப்படி ஒருவர் தனக்கென்று சேர்த்துக்கொள்ளும் மொத்த ஏற்பாட்டுக்கு பில்டு என்று பெயர். ஒரே ஒரு கெடுபிடி உண்டு. நான்கு பேரில் யார் உயிர் தீர்ந்து விழுந்தாலும் கணக்கில் சேரும்; விழுந்தவர் முகாமிலிருந்து மறுபடி எழுந்து ஓடி வரலாம். மூன்றாவது முறை ஒருவர் விழுந்தால் வேட்டை தோற்றது. ஒருவரே மூன்று முறை விழுந்தாலும் சரி, மூன்று பேர் ஒவ்வொரு முறை விழுந்தாலும் சரி, எல்லோரும் மூட்டையைக் கட்ட வேண்டியதுதான்.

எங்கள் நால்வரில் நானும் மகளும் போக மூன்றாவது ஆள் மாப்பிள்ளை. நான்காவது ஆள் மாப்பிள்ளையின் அலுவலகத்து நண்பர், சோமனூர்க்காரர். ஞாயிறு மதியம் மூன்று மணி எங்கள் நேரம். இங்கே நான் அரிசிம்பருப்புச் சோற்றைச் சாப்பிட்டுவிட்டு ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு உட்காருவேன். அங்கே அவர்கள் மூவரும். என் வீட்டுக்காரர் பின்னால் சோபாவில் சாய்ந்துகொண்டு, நாங்கள் என்னவோ கிரிக்கெட் ஆடுவதுபோல் வேடிக்கை பார்ப்பார்.

மாப்பிள்ளையைப் பற்றிச் சொல்ல வேண்டும். தங்கமான மனிதர். ஆனால் கல்யாணமாகி இரண்டு வருடத்தில் நானும் அவரும் பேசிக்கொண்டதை எழுதினால் அரைப் பக்கம் வராது. "சாப்டீங்களா மாப்பிள்ளை?" "ஆச்சுங்க அத்தை. நீங்க?" "ஆச்சுங்க." அதோடு போன் மகள் கைக்குப் போய்விடும். எங்கள் பக்கம் அப்படித்தான். மாப்பிள்ளை வீட்டுக்கு வந்தால் மாமியார் எழுந்து நிற்பார். மாப்பிள்ளை எதிரே கால் நீட்டி உட்கார மாட்டார். அவர் சொன்னது தப்பென்று முகத்துக்கு நேராகச் சொல்ல மாட்டார். அவரும் நாம் செய்தது தப்பென்று சொல்ல மாட்டார். குழம்பில் உப்பே இல்லாவிட்டாலும் "நல்லாருக்குதுங்க அத்தை" என்று இரண்டாம் முறை வாங்கிச் சாப்பிடுவார்.

விளையாட்டுக்குள்ளும் இந்த மரியாதையை நான் கூடவே கொண்டுபோனேன். ஆரம்பத்தில் ஒருநாள் என் ஆயுதத்தை வீசும்போது அது மாப்பிள்ளையின் வேட்டைக்காரர் காலில் பட்டு அவர் தடுமாறி விழுந்தார். எனக்குப் பதறிவிட்டது. வீட்டில் தெரியாமல் ஒருவர் மேல் கால் பட்டால் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்வோம் இல்லையா? இங்கே எதைத் தொடுவது? தேடிப் பார்த்ததில் வணக்கம் வைக்க ஒரு பட்டன் இருந்தது. மிருகம் பக்கத்தில் உறுமிக்கொண்டிருக்க, நான் மாப்பிள்ளைக்கு வணக்கம் வைத்தேன். அவரும் எழுந்து திரும்ப வணக்கம் வைத்தார். மகள் ஹெட்செட்டில் கத்தினாள். "ரெண்டு பேரும் கும்பிட்டது போதும், பின்னால பாருங்க!" பார்ப்பதற்குள் மிருகம் இருவரையும் சேர்த்துத் தூக்கியடித்தது. அப்படியும் நான் வணக்கத்தை நிறுத்தவில்லை.

என் ஆயுதம் கொம்பு. திருவிழாவில் ஊதுகிறார்களே, அதே வளைந்த கொம்புதான், ஆளைவிடப் பெரியது. அதாலேயே அடிக்கவும் செய்யலாம், ஊதவும் செய்யலாம். ஒரு பாட்டை முழுதாக ஊதி முடித்தால் உடன் இருக்கும் எல்லோருக்கும் வலு கூடும். அடி மட்டும் வாளளவுக்கு இருக்காது. மற்ற மூவரும் வாள், ஈட்டி, வில் என்று எடுத்திருந்தார்கள். மூவருமே குழிகள் முழுக்க அட்டாக் கற்களைத் திணித்திருந்தார்கள். ஒரு அடிக்கு எவ்வளவு எண் திரையில் வருகிறது என்பதுதான் சோமனூர்க்காரருக்குப் பேச்சு. அந்த மூன்று பேருக்கும் அடிக்கத் தெரியும், அடி வாங்கத் தெரியாது.

அதனால் நான் என் பதினோரு குழிகளை இப்படி நிரப்பியிருந்தேன். ஐந்தில் மருந்துக் கற்கள். நான் ஒரு வாய் மருந்து குடித்தால் நால்வருக்கும் உடம்பு தேறும். மூன்றில் கொம்புக் கற்கள். பாட்டின் வலு நீண்ட நேரம் நிற்கும். மீதி மூன்றில் பொடிக் கற்கள். சில மிருகங்கள் ஆளை மயக்கித் தூங்க வைத்துவிடும். அப்போது ஒரு பொடியைத் தூவினால் எழுந்துகொள்வார்கள். அந்தப் பொடி தூரமாகவும் சீக்கிரமாகவும் வேலை செய்வதற்கு அந்த மூன்று. ஆறு மாதம் அந்த பில்டுடன்தான் ஆடினேன். நாங்கள் ஜெயித்த வேட்டைகளில் பாதியாவது என் மருந்தால் ஜெயித்தவை. யாரும் கவனித்ததில்லை. விழாத ஆளுக்கு, தான் ஏன் விழவில்லை என்று தெரியாது.

பிறகு அது வந்தது. உடும்பு போல ஒரு மிருகம், லாரி அளவு. வாயில் நுழையாத பெயர் ஒன்று அதற்கு உண்டு. எங்கள் வீட்டில் தூங்குமூஞ்சி. வாயிலிருந்து ஒரு நீலப் புகையை விடும். புகை பட்டவர் நின்ற இடத்திலேயே குறட்டை விட்டுத் தூங்கிவிடுவார். தூங்குகிறவர் மேல் அது தாவி விழுந்தால் அதோடு ஆள் காலி. அதில் பெரியது ஒன்றை ஒரே ஒரு மாதத்துக்கு மட்டும் விளையாட்டில் விட்டிருந்தார்கள். நான்கு ஞாயிறு. முதல் மூன்று ஞாயிறும் நாங்கள் தோற்றோம்.

மூன்றாவது ஞாயிறு தோற்றவுடன் லேசாகத் தூறல் போட்டது. ஹெட்செட்டைக் கழற்றி வைத்துவிட்டுக் கொடியில் கிடந்த துணியை எடுக்க மாடிக்கு ஓடினேன். திரும்பி வந்து எல்லோரிடமும் சொல்லிக்கொண்டு முடிக்கலாம் என்று ஹெட்செட்டை மாட்டினேன். நான் போய்விட்டதாக அவர்கள் நினைத்திருக்கிறார்கள். மகளின் குரல் இல்லை, அவளும் எழுந்து போயிருக்க வேண்டும்.

சோமனூர்க்காரர் பேசிக்கொண்டிருந்தார். "உங்க அத்தை வர்றதுல எனக்கு ஒண்ணுமில்லடா. ஆனா அட்டாக்கே இல்லியே. நம்ம ஆபீஸ்ல ஒருத்தன் பெரிய வாள் வெச்சு ஆடறான். அவன் வந்தா ஒரே வேட்டைல முடிச்சுப்போடலாம்."

மாப்பிள்ளை சொன்னார். "தெரியுதுடா. ஆனா அத்தைகிட்டப் போயி இத எப்புடிச் சொல்றது? அடுத்த வாரம் ஒருக்கா பாப்போம். அப்பறம் ஏதாச்சும் சொல்லிச் சமாளிச்சுக்கலாம்."

சத்தமில்லாமல் ஹெட்செட்டைக் கழற்றி வைத்தேன். துணியை மடித்தேன். மடித்த துணியையே திரும்பவும் மடித்தேன்.

எனக்குக் கோபம் சோமனூர்க்காரர் மேல் இல்லை. அவர் மனதில் பட்டதைச் சொன்னார். மாப்பிள்ளை சொன்னதுதான் தைத்தது. "அத்தை இருக்கட்டும், அவங்களால உபயோகம் இருக்குது" என்று அவர் சொல்லவில்லை. "அத்தை சரியில்லை" என்றும் சொல்லவில்லை. அத்தையிடம் எப்படிச் சொல்வது என்கிறார். கல்யாண வீட்டில் வயதானவர்களை முன்வரிசை நாற்காலியில் உட்கார வைத்து ஜூஸ் கொடுப்பார்கள் இல்லையா, அந்த இடத்தில் என்னை வைத்திருக்கிறார்கள். ஆறு மாதமாக நான் வேட்டையாடுகிறேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அந்தக் குழுவில் என் இடம் என் கையால் கிடைத்ததா, மாமியார் என்பதால் கிடைத்ததா? இருந்தது ஒரே ஒரு ஞாயிறு. அதற்குள் எனக்கு இது தெரிந்தாக வேண்டும்.

கோபத்தில் செய்கிற முதல் காரியம் தப்பாகத்தான் இருக்கும், எனக்கு எப்போதும் அப்படித்தான். திங்கட்கிழமை கடையிலிருந்து வந்த கையோடு இணையத்தில் ஒரு வீடியோவைப் பார்த்தேன். எண் பெரிதாக வரும் பில்டு எது என்று ஒருவர் மூச்சு விடாமல் சொல்லிக்கொண்டு போனார். அதை அப்படியே போட்டுக்கொண்டேன். பதினோரு குழியிலும் அட்டாக். தனியாகவே தூங்குமூஞ்சியைத் தேடிப் போனேன். முதல் அடியில் வந்த எண்ணைப் பார்த்து நானே அசந்துபோனேன். இரண்டாவது அடி அடிக்கவில்லை. புகை, குறட்டை, தாவல். மூன்று முறை. வீட்டுக்காரர் டீ டம்ளரை வாய்க்குக் கொண்டு போய்க்கொண்டிருந்தார். "இன்னைக்குச் சீக்கிரமே முடிஞ்சு போச்சாட்டம் இருக்குது" என்றார்.

மறுநாள் கடைக்கு அன்னூரிலிருந்து ஒருவர் வந்தார். பத்து எச்பி வேண்டும் என்றார். எத்தனை அடி போர், தண்ணீர் எங்கே நிற்கிறது என்று வாய் பாட்டுக்குக் கேட்டுக்கொண்டே போனேன். பாதியில் எனக்கே வெட்கமாகிவிட்டது. இந்தக் கேள்வியைத் தினமும் ஊருக்கெல்லாம் கேட்கிறவள், எதிரே நிற்கும் மிருகம் என்ன செய்கிறது என்று பார்க்காமல் யாரோ ஒருவர் சொன்ன பில்டைப் போட்டுக்கொண்டு போயிருக்கிறேன். அந்த மனிதருக்கு ஐந்து எச்பி போதும் என்று சொல்லி அனுப்பிவிட்டு, சாயந்திரம் வீட்டுக்கு வந்து முதலிலிருந்து தொடங்கினேன்.

நாங்கள் தோற்ற மூன்று வேட்டைகளையும் மகள் வீடியோவாகச் சேமித்து வைத்திருந்தாள், யார் மேல் பழி போடலாம் என்று பார்ப்பதற்காக. கடையில் ரிப்பேருக்கு வரும் மோட்டாரைப் பிரித்துப் பார்ப்பதுபோல் ஒவ்வொன்றையும் நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். நோட்டில் எழுதினேன். மூன்று வேட்டை, நால்வருமாகச் சேர்த்து ஒன்பது முறை விழுந்திருக்கிறோம். ஒன்பதில் ஏழு தூக்கத்தில். இரண்டு வேட்டைகளில் மிருகம் நொண்ட ஆரம்பித்த பிறகுதான் தோற்றிருக்கிறோம், அதாவது அதன் உயிர் முடியும் நேரம். அப்படியென்றால் குறை அட்டாக்கில் இல்லை. இன்னும் ஒரே ஒரு நிமிடம் விழாமல் இருந்திருந்தால் ஜெயித்திருப்போம்.

ஏழில் நான்கு முறை விழுந்தவர் மாப்பிள்ளை. அந்த நான்கு முறையும் யார் பக்கத்தில் நின்றார்கள் என்று பார்த்தேன். நான்தான். மருமகன் தூங்குகிறார். மாமியார் இரண்டடி தள்ளி நின்றுகொண்டு பையைத் துழாவிப் பொடியைத் தேடி எடுத்துத் தூவுகிறாள். பொடி வேலை செய்ய மூன்று நொடி. மிருகம் தாவ இரண்டு நொடி. நான்கு முறையும் அதே கதை. மூன்று கல் போட்டும் அந்தப் பொடி அவ்வளவு வேகம்தான் வரும்.

வீட்டுக்காரர் என் தோளுக்கு மேலே எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். "ஏம்மா, தூங்கறவங்கள ஒரு ஒதை விட்டா எந்திரிச்சுக்குவாங்கன்னு பாப்பா அன்னைக்குச் சொன்னாளே?"

உண்மைதான். கூட்டாளியை உதைத்தால் அடி படாது, தூக்கம் மட்டும் உடனே கலையும். முதல் வாரமே மகள் சொல்லிக்கொடுத்தது. சோமனூர்க்காரரும் மகளும் ஒருவரையொருவர் உதைத்துக்கொண்டேதான் ஆடுவார்கள்.

"மாப்பிள்ளைய எப்புடிங்க ஒதைக்கறது?" என்றேன்.

அவர் கொஞ்சம் யோசித்தார். "அதுவுஞ் சரிதான்" என்று சொல்லிவிட்டு டீயைக் குடிக்கப் போய்விட்டார்.

நான் மட்டும் அந்தத் திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பொடிக் கற்களை எதற்காகத் தேர்ந்தெடுத்தேன் என்று எனக்கு அப்போதுதான் புரிந்தது. நான்கு பேரையும் தூரத்திலிருந்தே எழுப்பலாம் என்று எனக்கு நானே காரணம் சொல்லியிருந்தேன். பொய். ஒரு உதையில் முடிகிற வேலைக்கு மூன்று குழிகளைக் கொடுத்திருந்தேன். மாப்பிள்ளை மேல் கால் படக் கூடாது என்பதற்காக. பதினொன்றில் மூன்று குழி மரியாதை! ஐந்து எச்பி போதும் என்று ஊருக்குச் சொல்கிறவள் செய்கிற காரியமா இது? சிரிப்பு வந்தது. சிரித்து முடித்த பிறகு கொஞ்சம் அழுகையும் வந்தது. அவரைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு நான்கு முறை சாகவிட்டிருக்கிறேன்.

அந்த மூன்று கற்களையும் பிடுங்கினேன். அந்த இடத்தில் என்ன வைப்பது என்பதற்கு எனக்கு இரண்டு நிமிடம்கூட ஆகவில்லை. அட்டாக் வைக்கவில்லை. தூக்கம் பிடிக்காத கல் என்று ஒன்று உண்டு. ஒன்று வைத்தால் தூக்கம் கொஞ்சம் குறையும். இரண்டு வைத்தால் பாதியாகும். மூன்று வைத்தால் எந்தப் புகையும் அந்த ஆளை ஒன்றும் செய்யாது. யாரும் அதை வைப்பதில்லை, அடியின் எண் அதனால் ஏறாது என்பதால். ஆனால் நால்வரில் ஒருத்தி எப்போதும் விழித்திருந்தால், மற்ற மூவரையும் அவளால் எழுப்ப முடியும். என்னிடம் அந்தக் கல் ஒன்றுகூட இல்லை. புதன், வியாழன், வெள்ளி மூன்று சாயந்திரமும் ஒரு சேற்றுக்குட்டையில் தூக்கத் தவளைகளைத் துரத்தித் துரத்தி மூன்றையும் சேர்த்தேன். மகளிடம்கூட மூச்சு விடவில்லை.

ஞாயிறு மூன்று மணிக்கு நால்வரும் கூடினோம். மாப்பிள்ளை வழக்கம்போல், "சாப்டீங்களா அத்தை?" என்றார். "ஆச்சுங்க" என்றேன். அவர் குரலில் ஒரு சங்கடம் இருந்தது எனக்கு மட்டும் தெரிந்தது.

வேட்டை ஆரம்பித்த ஐந்தாவது நிமிடத்திலேயே சோமனூர்க்காரர் வாலில் அடிபட்டு விழுந்தார். அது தூக்கமும் இல்லை, ஒன்றும் இல்லை, வெறும் அவசரம். அடுத்தது முதல் புகை. மூவரும் தூங்கிவிட்டார்கள். நீலப் புகைக்கு நடுவே நான் ஒருத்தி மட்டும் நின்றுகொண்டிருந்தேன். சோமனூர்க்காரர் பக்கத்தில் கிடந்தார். அவரை உதைத்தேன். மனதாரச் சொல்கிறேன், நன்றாக உதைத்தேன். "யாருங்க அது?" என்று பதறி எழுந்தார். ஓடிப் போய் மகளை உதைத்தேன். மிருகம் மாப்பிள்ளையை விட்டு வேறு பக்கம் திரும்பிவிட்டதால், அதற்குள் தூக்கம் தானாகத் தெளிந்து அவர் எழுந்துகொண்டார். தப்பித்தேன் என்றுதான் அப்போதும் நினைத்தேன்.

"அம்மா, நீ ஏன் தூங்கல?" என்றாள் மகள்.

"எனக்குத் தூக்கம் வரல கண்ணு. நீ அடி."

அடித்தார்கள். நான் ஊதினேன், மருந்து குடித்தேன், எழுப்பினேன். மிருகம் நொண்ட ஆரம்பித்தது. அந்த நேரம் பார்த்து மகள் ஒரு கடி வாங்கி விழுந்தாள். இரண்டாவது வீழ்ச்சி. இனி யார் விழுந்தாலும் முடிந்தது, இந்த மிருகம் இனி வராது, நானும் இந்தக் குழுவில் இருக்க மாட்டேன். மகள் முகாமிலிருந்து ஓடி வந்துகொண்டிருந்தாள். சோமனூர்க்காரர் மருந்து தீர்ந்துபோய்ப் பாறைக்குப் பின்னால் நின்றார். தூங்குமூஞ்சி கடைசிப் புகையை விட்டது. அது நேராக மாப்பிள்ளை மேல் பட்டது. அவர் ஈட்டியைக் கீழே போட்டுவிட்டு அப்படியே மடங்கி விழுந்து குறட்டை விட்டார். மிருகம் தாவுவதற்கு உடம்பைக் குறுக்கியது.

நான் அவர் தலைமாட்டில் நின்றுகொண்டிருந்தேன். கை தானாகப் பைக்குப் போனது. பையில் பொடியே இல்லை, வரும்போதே எடுத்து வெளியே வைத்துவிட்டு வந்திருந்தேன். என்னை நான் அவ்வளவு தூரம் அறிந்துவைத்திருந்தேன்.

பின்னால் சோபாவிலிருந்து வீட்டுக்காரர் எழுந்து நின்ற சத்தம் கேட்டது. "ஒதை!" என்று கத்தினார். முப்பது வருடத்தில் அவர் என்னிடம் அப்படிக் கத்தியதில்லை. "ஒதைம்மா, மாப்பிள்ளைதான், பரவால்ல, ஒதை!"

"மன்னிச்சுக்கோங்க மாப்பிள்ளை" என்று சொல்லிக்கொண்டே உதைத்தேன்.

அவர் உருண்டு எழுந்த அதே நொடி, அவர் படுத்திருந்த இடத்தில் மிருகம் வந்து விழுந்தது. தரை அதிர்ந்ததில் எங்கள் இருவருக்கும் உயிர் நூலளவுதான் மிச்சம். மருந்தைக் குடித்தேன், நால்வருக்கும் உடம்பு தேறியது. வணக்கம் வைக்கும் பட்டன் மேல் விரல் போனது. வைக்கவில்லை. கொம்பைத் தூக்கி மிருகத்தின் மண்டையில் போட்டேன். மாப்பிள்ளை ஈட்டியை எடுத்துக்கொண்டு அதன் கழுத்துப் பக்கம் ஓடினார். மூன்று குத்து. மலை மாதிரி நின்றது சரிந்து விழுந்தது.

மகள் கத்தினாள். என் வீட்டுக்காரர் இங்கே கை தட்டினார். சோமனூர்க்காரர் என்னென்னவோ சொல்லிக்கொண்டிருந்தார். "ஆன்ட்டி, அது என்னங்க பில்டு? நீங்க ஒருக்காகூடத் தூங்கலியே? ஒரு போட்டோ எடுத்து அனுப்புங்க, நானும் பாக்கறேன்." அனுப்புகிறேன் என்றேன்.

வெற்றிச் சந்தோஷத்தில் எல்லாவற்றையும் விழுங்கிவிடலாம். இன்னொரு நாளாக இருந்தால் விழுங்கியிருப்பேன். ஆனால் ஒருமுறை உதைத்தாயிற்று.

"மாப்பிள்ளை, போன வாரம் நீங்க ரெண்டு பேரும் பேசுனது எனக்குக் கேட்டுதுங்க" என்றேன்.

மகள் மட்டும், "என்ன பேசுனீங்க?" என்றாள். அவளுக்கு அப்புறம் சொல்லிக்கொள்ளலாம் என்று மேலே பேசினேன்.

"கோவமில்லீங்க. என்கிட்ட எப்புடிச் சொல்றதுன்னு கேட்டீங்களே, இப்பிடியே சொல்லுங்க. நான் இருக்கறதா, போறதா?"

மாப்பிள்ளை உடனே சொன்னார். "தப்புங்க அத்தை. நான் அப்பிடிச் சொல்லியிருக்கக் கூடாது. இன்னைக்கு நீங்க ஒதைக்கலீன்னா மூணாவதா விழுந்தது நானுங்க. வேற யாரும் வேண்டாம், நம்ம நாலு பேருதான்."

கேட்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் "நல்லாருக்குதுங்க அத்தை" என்று உப்பில்லாத குழம்பை வாங்கிச் சாப்பிடும் மனிதர் அவர். இதையும் மரியாதைக்குச் சொல்கிறாரா? எனக்கு இன்னும் நிச்சயமாகவில்லை. "சரிங்க" என்று சொல்லிவிட்டு ஹெட்செட்டைக் கழற்றப் போனேன்.

"அத்தை, ஒரு நிமிஷங்க" என்றார். குரல் தயங்கியது. "ஒண்ணு சொன்னா கோவிச்சுக்க மாட்டீங்களே?"

"சொல்லுங்க."

"நீங்க பாட்ட முழுசா ஊதறதே இல்லீங்க. பாதி ஊதிட்டிருக்கறப்பவே யாருக்காச்சும் லேசா அடி பட்டாப் போதும், விட்டுப்போட்டு மருந்து குடிக்க ஓடிடறீங்க. சும்மா கீறல்தானுங்க அது. அந்தப் பாட்ட முடிச்சிருந்தீங்கன்னா இன்னைக்கு மூணு நிமிஷம் முன்னாடியே முடிஞ்சிருக்கும். ரொம்ப நாளாப் பாக்கறேன். அது தப்புங்க அத்தை."

அவர் சொன்னது சரி. முழுக்கச் சரி. ஒன்பது வீழ்ச்சிகளை நோட்டில் எழுதிய என் கண்ணுக்கே படாதது அது. இரண்டு வருடத்தில் என் மாப்பிள்ளை முதல் முறையாக என்னிடம் நான் செய்தது தப்பென்று சொல்லியிருக்கிறார். அதுவும் ரொம்ப நாளாகப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.

"இன்னும் ஏதாச்சும் இருக்குதுங்களா?" என்றேன்.

"இன்னும் ரெண்டு இருக்குதுங்க."

கால்களை நன்றாக நீட்டி வசதியாக உட்கார்ந்துகொண்டு, நோட்டையும் பேனாவையும் எடுத்துத் தரும்படி வீட்டுக்காரரிடம் கை நீட்டினேன். "சொல்லுங்க மாப்பிள்ளை, எழுதிக்கறேன்" என்றேன்.